யென் ஃபெங்யிங்: ஹுவாங்மெய் நாடகப் பாடகி, திரைநடிகை – விவாத இழை

நதிமூலம்:

சீனத்தின் ஆன்ஹுய் மாநிலத்து ஹுவாங்மெய் இசைநாடக நடிகை யென் ஃபெங்யிங்கைப் பற்றி எங்கே படித்தாலும் பேச்சு நேரே அவருடைய சாவுக்குப் போய்விடுகிறது. மாவோ காலத்துப் பண்பாட்டுப் புரட்சி, 1968, அவமானம், முடிவு. அந்தக் கொடுமையை மறக்கக் கூடாது என்பதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. ஆனால் அவர் பாடியதைக் கேட்காமலே அவருக்காக இரங்குகிறவர்கள் பெருகிவிட்டார்கள். அதற்காகவே இந்த இழையைத் தொடங்குகிறேன்.

அறியாதவர்களுக்குச் சுருக்கமாக: 1930-இல் யாங்சி ஆற்றங்கரையில் உள்ள ஆன்ச்சிங் நகரில் பிறந்தவர். சிறு வயதை டோங்செங் பக்கத்து லுவோலிங் கிராமத்தில் கழித்தவர். மாடு மேய்க்கும்போதும் புல் அறுக்கும்போதும் பாடும் பாட்டுகள்தாம் அவருக்கு முதல் பள்ளி. 15 வயதளவில் மேடை ஏறினார். 1953-இல் ஹெஃபெய் நகரில் மாநில ஹுவாங்மெய் நாடகக் குழு அமைந்தபோது அதன் முதன்மை நடிகையரில் ஒருவரானார். 1955-இல் 'தேவகன்னியின் திருமணம்', 1959-இல் 'அரசனின் பெண் மருமகன்', 1963-இல் 'இடையனும் நெசவுப் பெண்ணும்' என்று அவரைச் சீனம் முழுவதும் கொண்டுசேர்த்த படங்கள் வந்தன.

முதல் படத்தில் ஒரு காட்சி. தந்தையை அடக்கம் செய்யப் பணம் வாங்கி, அதற்கு ஈடாகத் தன்னை அடிமை வேலைக்கு விற்றுக்கொண்ட தோங் யோங் என்ற இளைஞன் நடந்து போகிறான். வானுலக அரசனின் ஏழாவது மகள் அவன்மேல் மனம் வைத்து மண்ணுக்கு இறங்கி வந்திருக்கிறாள். அவன் பெரிய பாதையில் போனால் அவள் பெரிய பாதையில் நிற்கிறாள். ஒதுங்கிச் சிறு பாதைக்குப் போனால் அங்கேயும் நிற்கிறாள். வேறொரு நடிகை கையில் இது கொஞ்சலாகக் குழைந்திருக்கும். யென் ஃபெங்யிங் அதைக் கொஞ்சலாகச் செய்யவில்லை. நாணமும் குறும்பும் இருக்கின்றன. அவற்றுக்கு அடியில், நினைத்ததை முடிக்காமல் நகரமாட்டேன் என்று நிற்கும் ஒரு கிராமத்துப் பெண்ணின் பிடிவாதம் இருக்கிறது. தேவகன்னியை வயல்வெளிப் பெண்ணாக அவர் ஆக்கியதுதான் அவருடைய சாதனை என்று நான் சொல்வேன். மற்றவர்கள் கருத்தை எழுதுங்கள்.

வட்டத்தாளம்:

நல்ல தொடக்கம். இசைப் பக்கத்தை நான் சேர்க்கிறேன்.

ஹுவாங்மெய் என்பது ஹுபெய் மாநிலத்தில் உள்ள ஒரு வட்டத்தின் பெயர். அங்கே தேயிலை பறிப்பவர்கள் பாடிய பாட்டுகள், வெள்ளத்தாலும் பஞ்சத்தாலும் ஊர்விட்டு ஊர் போனவர்களோடு நடந்து ஆன்ச்சிங் பகுதிக்கு வந்தன. அந்த வட்டாரப் பேச்சும் பாட்டும் கலந்து அங்கே நாடகமாக வளர்ந்தன. ஆன்ச்சிங் இசைநாடகத்துக்குச் சாதாரண ஊர் அல்ல. 1790-இல் பேரரசர் சியென்லோங்கின் 80-ஆம் பிறந்தநாளை ஒட்டி பெய்ஜிங்குக்குப் போய், பிற்காலப் பெய்ஜிங் இசைநாடகத்துக்கு வித்திட்ட ஆன்ஹுய் குழுக்களின் வேர் அந்தப் பகுதியில்தான் இருக்கிறது. அந்தப் பெரிய கலை அரண்மனைக்குப் போனது. ஹுவாங்மெய் களத்துமேட்டிலேயே இருந்தது.

பழைய ஹுவாங்மெய் மேடையில் நரம்புக் கருவியே கிடையாது. 'மூவர் அடிக்க எழுவர் பாட' என்பதே வழக்கு. முரசும் சேகண்டிகளும் அடிப்பவர்கள் மூன்று பேர், வேடம் கட்டிப் பாடுபவர்கள் ஏழு பேர். முதன்மைப் பாடகர் வரியை முடிக்கும் இடத்தில் மற்றவர்கள் பின்பாட்டு எடுத்துக் கொடுப்பார்கள். பெரிய நாடகங்கள் 36, சிறிய நாடகங்கள் 72 என்று மரபுக் கணக்கு. சிறிய நாடகங்களில் இரண்டு மூன்று பேர்தாம் வருவார்கள். கதையும் சின்னது. பன்றிக்குத் தழை அறுக்கப் போன பெண் பக்கத்துத் தோட்டத்தில் மூங்கில் குருத்தை ஒடித்துவிடுகிறாள், காவல் இருந்த பையன் சண்டைக்கு வருகிறான், சண்டை தீர்ந்து, எந்தப் பூ எப்படிப் பூக்கும் என்று இருவரும் விடுகதை போட்டுப் பாடிக்கொண்டே வீடு போகிறார்கள். அவ்வளவுதான் நாடகம். யென் ஃபெங்யிங் நாடு முழுக்கப் பெயர் பெறுவதற்கு முன்பு, 1952-இல் ஷாங்காய்க்குப் போய் நடித்துக் காட்டியவற்றில் இந்தத் தழை அறுக்கும் பெண்ணின் வேடமும் ஒன்று.

அந்தப் பாட்டைக் கேட்டால் நதிமூலம் சொல்வது விளங்கும். குரலை மெலிதாக்கிப் பொய்க்குரலில் ஏற்றும் பெய்ஜிங் வழக்கம் இதில் இல்லை. பேசும் குரல் எதுவோ அதிலேயே பாட்டு தொடங்குகிறது. சொல் முதலில் காதில் விழுகிறது, இராகம் அதன் பின்னால் வருகிறது.

கூத்துப்பிரியன்:

குரலைப் பற்றி மறுப்பு இல்லை. ஆனால் 'தேவகன்னியின் திருமணம்' என்ற படத்தை எந்தக் கேள்வியும் இல்லாமல் கொண்டாடுவதை என்னால் ஏற்க முடியவில்லை.

பழைய நாடகத்தில் தோங் யோங் ஒரு படித்த இளைஞன். அவனுடைய தந்தைப் பக்தியை மெச்சி வானுலக அரசனே மகளை அனுப்புகிறான், 100 நாள் மனைவியாக இருந்துவிட்டு வா என்று. பணம் கொடுத்த செல்வரும் கொடியவர் அல்லர். 1950-களில் லூ ஹோங்ஃபெய் திருத்தி எழுதியபோது எல்லாம் மாறியது. தோங் யோங் உழைப்பாளி ஆனான். செல்வர் கொடுமைக்கார நிலக்கிழார் ஆனார். தேவகன்னி தந்தையின் கட்டளையை மீறித் தானே இறங்கி வந்தாள். அந்தக் காலத்து ஆட்சிக்கு வேண்டிய கதை எதுவோ அது எழுதப்பட்டது. பழம் நாடகத்தைக் கட்சிக் கொள்கைக்குத் தக்கபடி வெட்டித் தைத்த வேலை இது. அதற்குக் குரல் கொடுத்தவர் யென் ஃபெங்யிங்.

நதிமூலம்:

கூத்துப்பிரியன் ஐயா, நீங்கள் சொல்லும் மாற்றங்கள் எல்லாம் உண்மை. ஆனால் அவற்றில் எந்த மாற்றம் நாடகத்தைத் தாங்குகிறது என்று பாருங்கள். பழைய வடிவில் அவள் பரிசுப் பொருள். நல்ல மகனுக்கு வானம் கொடுத்த வெகுமதி. தவணை முடிந்ததும் திருப்பி எடுத்துக்கொள்கிறார்கள். அவளுக்கு அதில் விருப்பமும் இல்லை, இழப்பும் இல்லை. பாடுவதற்கு அவளுக்கு என்ன இருக்கிறது?

தானாக இறங்கி வந்தவள் என்று ஆனபின்புதான் அந்த வழிமறிக்கும் காட்சிக்கே உயிர் வருகிறது. பிரியும்போது அவள் அழுவதற்கும் காரணம் கிடைக்கிறது. ஆட்சிக்காரர்கள் எதை எண்ணி இதை விரும்பினார்களோ, யென் ஃபெங்யிங் அதை ஒரு பெண்ணின் விருப்பமாக எடுத்துக்கொண்டார். 1954-இல் ஷாங்காயில் நடந்த கிழக்குச் சீன இசைநாடக விழாவில் அவருக்கு நடிப்புக்கான முதல்தரப் பரிசு கிடைத்தது. கொள்கையைப் பார்த்தா அழுதார்கள் அரங்கில் இருந்தவர்கள்?

தறிமகள்:

நான் நெசவுக் குடும்பத்தில் பிறந்தவள். எங்களுக்கு அந்தப் படத்தில் வேறொரு காட்சி முக்கியம், அதை இங்கே யாரும் சொல்லவில்லை.

நிலக்கிழார் ஒரு நிபந்தனை போடுகிறார். ஒரே இரவில் பத்துப் பட்டுத்துணி நெய்து முடித்தால் மூன்று ஆண்டு அடிமைத்தவணை 100 நாளாகக் குறையும். முடிக்காவிட்டால் மூன்று ஆண்டு ஆறாகும். அவள் தன்னிடம் உள்ள ஊதுவத்தியைக் கொளுத்துகிறாள். அக்காமார் ஆறு பேரும் வானிலிருந்து இறங்கி வந்து தறிக்கு உட்காருகிறார்கள். தறி என்பது ஒருவர் உட்கார்ந்து செய்யும் வேலையாக வெளியே தெரியும். பாவு ஓட்ட ஒருவர், நூல் சுற்ற ஒருவர், இழை அறுந்தால் முடிச்சுப் போட ஒருவர் என்று வீடே நின்றால்தான் துணி இறங்கும். ஓர் இரவில் ஒரு பெண் தனியாக மாயம் செய்து முடித்தாள் என்று காட்டியிருந்தால் எனக்குக் கதை அங்கேயே விட்டுப்போயிருக்கும். கூடப்பிறந்தவர்கள் வந்து கைகொடுக்கிறார்கள் பாருங்கள், அது தறி தெரிந்தவர்கள் எண்ணிய கதை.

கடனுக்காக உடம்பை அடகு வைப்பதும், தவணை இழுத்துக்கொண்டே போவதும் கட்சி கண்டுபிடித்தது அல்ல. கூத்துப்பிரியன் அதைக் கொள்கை என்று தள்ளிவிடக் கூடாது.

செங்கமலம்:

அவருடைய இளமையைத் தெரிந்துகொண்டு படத்தைப் பார்த்தால் தறிமகள் சொல்வது இன்னும் ஆழமாகப் படும்.

அந்தக் காலத்தில் மேடை ஏறும் பெண் குலத்துக்கே இழுக்கு. ஹுவாங்மெய் நாடகம் ஒழுக்கத்தைக் கெடுப்பது என்று அதிகாரிகளும் குலப் பெரியவர்களும் விரட்டிய கலை. பெண் வேடத்தையும் பெரும்பாலும் ஆண்களே கட்டினார்கள். அதில் 15 வயதுப் பெண் போய்ச் சேர்ந்தால் உறவுக்காரர்கள் சும்மா இருப்பார்களா? குலத்தாரின் சினத்துக்கு ஆளாகி அவர் ஊரை விட்டுப் போனார். பிறந்தபோது வைத்த பெயர் ஹோங்லியு. ஃபெங்யிங் மேடைக்காக வந்த பெயர்.

ஆன்ச்சிங்கில் பெயர் பெற்றதும் வேறு தொல்லை. புகழ்பெற்ற இளம் நடிகை என்றால் அதிகாரமும் துப்பாக்கியும் வைத்திருந்த ஒவ்வொருவனும் தனக்கு உரிமை உண்டு என்று எண்ணிய காலம் அது. தப்பி நான்ஜிங் போனார். அங்கே பாட்டில் ஈடுபாடு மிக்க ஒரு குடும்பத்தாரிடம் பெய்ஜிங் பாணியையும் குன்சூ எனும் பழமையான இசைநாடக வகையையும் கற்றுக்கொண்டார். 1950-களின் தொடக்கத்தில் ஆன்ச்சிங் திரும்பி மறுபடி ஹுவாங்மெய் மேடைக்கு வந்தார்.

நாடகக்காரி என்று இழிவாகப் பேசப்பட்ட ஒரு பெண்ணை, புதிய அரசு கலைஞர் என்று அழைத்தது. சம்பளம் கொடுத்தது, மேடை கொடுத்தது, குழுவின் துணைத் தலைவராக்கியது. அவர் அந்த ஆட்சியை நம்பியதை யாரும் இங்கிருந்து குறை சொல்ல முடியாது. அவர் கடந்து வந்த பாதை அப்படி.

வட்டத்தாளம்:

செங்கமலம் அக்கா சொன்ன நான்ஜிங் காலம் இசைக்கு மிக முக்கியம். குன்சூவில் கையசைவு ஒவ்வொன்றும் சொல்லோடு பூட்டியிருக்கும். அதைக் கற்ற பிறகும் அவர் ஹுவாங்மெய் பாடும்போது குன்சூ வாடை வரவில்லை. மூச்சை எங்கே நிறுத்துவது, உடம்பை எப்படித் தாங்குவது என்பதை மட்டும் எடுத்துக்கொண்டார்.

அவரோடு தோங் யோங்காக நடித்த வாங் ஷாவ்ஃபாங்கை இந்த இழையில் யாரும் சொல்லவில்லை, அது நியாயம் இல்லை. அவர் பெய்ஜிங் இசைநாடகத்தில் பயின்று ஹுவாங்மெய்க்கு வந்தவர். ஒருவர் கிராமத்திலிருந்து மேலே வந்தவர், இன்னொருவர் பெரிய மரபிலிருந்து இறங்கி வந்தவர். இருவரும் சந்தித்த இடத்தில்தான் இன்று நாம் கேட்கும் ஹுவாங்மெய் உருவானது. நரம்புக் கருவிகள் நிலைபெற்றதும், ஆண் பெண் குரல்கள் மாறி மாறிப் பாடும் முறை செம்மைப்பட்டதும் அந்தத் தலைமுறையில்தான்.

மறுகரை:

படத்தை இயக்கிய ஷி ஹுய் பற்றி ஒரு சொல். மேடை நாடகத்தை அப்படியே படம்பிடித்து வைக்க அவர் விரும்பவில்லை. மேடையில் நடிகை இரண்டு அடி வைத்துக் கையைச் சுழற்றினால் மலை கடந்தாயிற்று. திரையில் உண்மையான மலை பின்னால் இருந்தால் அந்தக் கைக்கு வேலை இல்லை. அதனால் பல அபிநயங்களைக் குறைத்து, முகத்துக்கு அருகே கேமராவைக் கொண்டுபோனார். படத்தில் நடித்த பெரிய மேடைக் கலைஞர்கள் பலர் கேமராவுக்கு முன்னால் மரம்போல நின்றிருக்கிறார்கள். யென் ஃபெங்யிங்கிடம் அந்த இறுக்கம் இல்லை. கண் பேசினால் போதும் என்பதை அவர் உடனே பிடித்துக்கொண்டார். மேடைக்காரர்களுக்கு இது இழப்பு என்று நினைப்பவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை.

1957-இல் ஷி ஹுய்க்கு 'வலதுசாரி', அதாவது கட்சிக்கு எதிரானவர், என்று முத்திரை குத்தினார்கள். அதே ஆண்டு கடலில் மறைந்துபோனார். படம் வெளிவந்து ஓரிரண்டு ஆண்டுதான் ஆகியிருந்தது.

பினாங்கு வாசகர்:

இந்தப் பக்கத்துச் செய்தி ஒன்று. 'தேவகன்னியின் திருமணம்' ஹாங்காங்கில் ஓடிய ஓட்டத்தைப் பார்த்துத்தான் அங்குள்ள ஸ்டூடியோக்கள் ஹுவாங்மெய் மெட்டில் படமெடுக்கத் தொடங்கின. ஷா சகோதரர்களுக்காக இயக்குநர் லீ ஹான்ஷியாங் வரிசையாக எடுத்தார். 1963-இல் அவர் எடுத்த லியாங் ஷான்போ – சூ யிங்தாய் காதல் கதை தைப்பேயில் ஊரையே கலக்கியது. ஷா நிறுவனத்துக்குச் சிங்கப்பூர், மலாயா வட்டாரத்தில் திரையரங்குகள் பல இருந்ததால் அந்தப் படங்கள் எங்கள் ஊர்களிலும் நன்றாக ஓடின. இங்குள்ள சீன முதியவர்களில் பலருக்கு ஹுவாங்மெய் என்றால் ஹாங்காங் நடிகையரின் முகம்தான் நினைவுக்கு வரும். அந்த அலைக்கு ஊற்று ஆன்ஹுய்க்காரி ஒருவர் என்பது அவர்களில் பலருக்குத் தெரியாது. சீனத்துக்கும் எங்களுக்கும் இடையே அந்த ஆண்டுகளில் இருந்த சுவர் அப்படி.

இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். ஹாங்காங் பாட்டு வழவழப்பானது, பெரிய வாத்தியக் குழுவோடு வருவது. யென் ஃபெங்யிங் பாட்டில் ஆன்ச்சிங் பேச்சின் சொரசொரப்பு இருக்கிறது. எனக்கு இரண்டாவதுதான் நிற்கிறது.

கூத்துப்பிரியன்:

எல்லாரும் நன்றாக எழுதியிருக்கிறீர்கள். ஆனாலும் நான் கேட்டது அப்படியே நிற்கிறது. கதையைத் திருத்திக் கொடுத்து அவரைப் பாடச் சொன்ன அதே ஆட்சி, பத்துப் பதினைந்து ஆண்டுகளில் அதே பாட்டுக்காக அவரைக் குற்றவாளி ஆக்கியது. தேவகன்னி, அரசகுமாரி, காதல் எல்லாம் நிலவுடைமைக் காலத்து நஞ்சு என்றது. ஷி ஹுய்க்கு நடந்ததையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். கலையை அரசின் கையில் கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு இந்த ஒரு படம் போதும். நதிமூலம் இதைத் தள்ளிவைத்துவிட்டுக் குரலை மட்டும் பேசச் சொல்வது எனக்கு ஒப்பவில்லை.

செங்கமலம்:

தள்ளிவைக்க வேண்டாம், நேராகவே சொல்வோம்.

பண்பாட்டுப் புரட்சி தொடங்கியதும் அவரை உளவாளி என்றார்கள். மாவோவின் மனைவி சியாங் சிங் முன்னிறுத்திய 'முன்மாதிரி' புரட்சி நாடகங்களுக்கு எதிரி என்றார்கள். கூட்டங்களில் நிறுத்தி வைத்து இழிவுபடுத்தினார்கள். 1968 ஏப்ரல் 8 அன்று ஹெஃபெயில் அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். 38 வயது நிறைய இன்னும் சில நாட்கள் இருந்தன. உயிர் ஊசலாடிக்கொண்டிருந்தபோதும் படுக்கையைச் சுற்றி நின்று குற்றம் சாட்டினார்கள், சிகிச்சைக்குக் கொண்டுபோவது தாமதமானது. இறந்த பிறகும் விடவில்லை. உடலுக்குள் உளவுக்கருவி ஒளித்து வைத்திருக்கிறாரா என்று தேட உடலைத் திறக்கச் சொன்னார்கள். கணவர் வாங் குவான்யாவும் இரண்டு சிறு மகன்களும் எஞ்சினார்கள்.

ஒரு கருவியும் இல்லை. அந்த உடலிலிருந்துதான் அந்தக் குரல் வந்தது என்பதைத் தவிர வேறு எந்த மர்மமும் அதில் இல்லை.

1978-இல் குற்றச்சாட்டுகள் பொய் என்று அறிவித்து அவருடைய பெயரை மீட்டார்கள். வாங் குவான்யா மனைவியின் வாழ்க்கையை எழுதுவதையே தம் வேலையாக்கிக்கொண்டார். 1988-இல் வந்த தொலைக்காட்சித் தொடரில் மா லான் என்ற ஹுவாங்மெய் நடிகை யென் ஃபெங்யிங்காக நடித்தார். ஆன்ச்சிங்கின் லிங்ஹு பூங்காவில் சிலை இருக்கிறது.

நதிமூலம்:

அக்கா எழுதியதற்கு மேல் அந்த முடிவைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை. கூத்துப்பிரியன் ஐயாவுக்கு மட்டும் ஒரு பதில்.

படத்தின் கடைசிப் பகுதியை மறுபடி பாருங்கள். 100 நாள் முடிந்து இருவரும் வீட்டுக்குப் போகும் வழியில் பாடும் இணைப்பாட்டு இன்றும் சீனம் முழுவதும் விழாக்களில் ஒலிக்கிறது. மரத்தில் பறவைகள் இணையாக இருக்கின்றன என்று அவள் எடுக்கிறாள், ஆறும் மலையும் சிரிக்கின்றன என்று அவன் முடிக்கிறான். நீ உழு, நான் நெய்கிறேன் என்கிறாள். நான் தண்ணீர் சுமக்கிறேன், நீ தோட்டத்துக்கு ஊற்று என்கிறான். ஒழுகும் குடிசை என்றாலும் காற்றுமழைக்குப் போதும் என்கிறாள். எவ்வளவு சின்ன ஆசைகள் பாருங்கள். மகிழ்ச்சிப் பாட்டாகவே எல்லாரும் பாடுகிறார்கள். ஆனால் நாடகத்தில் அதற்கு அடுத்த நொடியிலேயே வானத்திலிருந்து கட்டளை வருகிறது. திரும்பி வராவிட்டால் அவனைத் துண்டு துண்டாக்குவோம் என்று தந்தையின் ஆட்கள் மிரட்டுகிறார்கள்.

தோங் யோங் வழியோரத்து முதிய மரத்திடம் ஓடுகிறான். அவர்களுக்குத் திருமணம் பேசி வைத்ததே அந்த மரம்தான், அன்று வாய் திறந்து பேசியது. இப்போது மூன்று முறை கூப்பிடுகிறான். மரம் பேசவில்லை. அடுத்த வசந்தத்தில் பிள்ளையைக் கொண்டுவந்து இந்த மரத்தடியில் தருகிறேன் என்று சொல்லிவிட்டு அவள் போகிறாள்.

மேலிருந்து வரும் ஆணை மனிதரின் சின்ன ஆசையை நசுக்குகிறது என்பதுதானே இந்த நாடகம்? 1950-களில் இதை யார் எதற்காகத் திருத்திக் கொடுத்திருந்தாலும், பாடியவர் அதை முழுமையாகப் பாடினார். ஆட்சியின் கையில் அகப்பட்ட கலை என்று நீங்கள் சொல்லும் படத்துக்குள்ளேயே ஆட்சிக்கு எதிரான வழக்கு இருக்கிறது. அதனால் குரலைப் பேசுவது அரசியலைத் தள்ளிவைப்பது ஆகாது.

கூத்துப்பிரியன்:

இந்த விளக்கம் எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் அன்று அந்த அரங்கில் இருந்தவர்களுக்கு வானுலக அரசன் என்றால் பழைய ஆட்சி. இன்று பார்க்கும் நமக்குத்தான் அது வேறாகத் தெரிகிறது. என் கருத்து மாறவில்லை.

புதுவரவு:

நான் சீன இசைநாடகம் எதுவும் பார்த்ததில்லை. எதில் தொடங்கலாம்?

வட்டத்தாளம்:

'அரசனின் பெண் மருமகன்' படத்தில் தொடங்குங்கள். கதை எளிது. சிறைப்பட்ட காதலனை மீட்க ஃபெங் சூஜென் ஆண் வேடமிட்டுத் தலைநகர் போகிறாள். அவன் பெயரில் அரசுத் தேர்வு எழுதி முதலிடம் பெறுகிறாள். அரசன் மகிழ்ந்து அவளுக்கே மகளைக் கட்டிவைத்துவிடுகிறான். தேர்வில் வென்று சிவப்பு அங்கியும் தொப்பியுமாக அவள் பாடும் பாட்டில், ஆண் வேடத்துக்கு உள்ளே இருக்கும் பெண் தன்னை மறந்து மகிழ்வது கேட்கும். பிறகு மணவறைக் காட்சி. அரசகுமாரியிடம் உண்மையைச் சொன்னால் தலை போகும், சொல்லாமலும் இருக்க முடியாது. நீண்ட பாட்டு அது. தொடக்கத்தில் குரல் மரியாதையாக ஒதுங்கி நிற்கும், போகப்போக நெருங்கும். மொழி தெரியாவிட்டாலும் அந்த நெருக்கம் தெரியும்.

அதன் பிறகு 'தேவகன்னியின் திருமணம்'. கறுப்பு வெள்ளைப் படம். ஒலிப்பதிவு பழையது, ஹெட்போனில் கேளுங்கள். 'இடையனும் நெசவுப் பெண்ணும்' கடைசியில். அதில் அவர் குரல் முதிர்ந்திருக்கிறது, ஆனால் முதல் இரண்டின் துள்ளல் குறைவு.

தறிமகள்:

வட்டத்தாளம் சொல்லும் வரிசை சரி. ஆனால் படங்களுக்கு முன்னால் அந்தத் தழை அறுக்கும் பெண்ணின் பூ விடுகதைப் பாட்டைக் கேட்டுவிடுங்கள். சில நிமிடங்கள்தான். ஒலிப்பதிவு கிடைக்கிறது. இங்கே இத்தனை பேர் எதற்காக வாதாடுகிறோம் என்பது அதிலேயே தெரிந்துவிடும்.